இருநூறில் ஒரு மாடு போதும்: பாறுகள் மறைந்த கணக்கு

முன்பெல்லாம் ஊருக்கு வெளியே மாடு செத்துக் கிடந்தால் கழுகுகள் கூட்டம் கூட்டமாக இறங்கும் என்று பெரியவர்கள் சொல்லக் கேட்டிருப்பீர்கள். இப்போது ஏன் இல்லை என்று கேட்டுப் பாருங்கள், ஆளுக்கொரு பதில் வரும். செல்போன் கோபுரம் என்பார் ஒருவர். பூச்சிமருந்து என்பார் இன்னொருவர். காட்டை அழித்ததால்தான் என்பார் மூன்றாமவர். கடைசியில் "மனுசன் இயற்கையை நாசமாக்கிட்டான்" என்ற பெருமூச்சோடு பேச்சு முடியும்.

அந்தப் பெருமூச்சில் பொய் இல்லை. ஆனால் அதை வைத்துக்கொண்டு ஒரு காரியமும் செய்ய முடியாது. யார், எதைச் செய்ததால், எந்த வழியாக அந்தப் பறவை செத்தது என்று தெரிந்தால்தானே எதை நிறுத்துவது என்று தெரியும்? இந்தக் கதையில் அது தெரியும். மிகத் துல்லியமாகவே தெரியும். மாட்டின் வலிக்கும் வீக்கத்துக்கும் போட்ட ஊசிதான் காரணம். யாரும் பறவையைக் கொல்ல நினைக்கவில்லை; மாட்டைக் காப்பாற்றத்தான் நினைத்தார்கள். அப்படிப்பட்ட ஊசி எப்படிப் பல லட்சம் பறவைகளைத் தீர்த்துக்கட்டியது என்பதைப் படிப்படியாகப் பார்க்கலாம். உயிரியல் தெரிந்திருக்க வேண்டியதில்லை. கொஞ்சம் பெருக்கல் தெரிந்தால் போதும்.

## எந்தப் பறவையைப் பற்றிப் பேசுகிறோம்

கழுகு என்று பொதுவாகச் சொல்லும்போது, உயிருள்ள இரையை வேட்டையாடுபவையும் செத்ததைத் தின்பவையும் ஒன்றாகக் கலந்துவிடுகின்றன. இங்கே நாம் பேசுவது பெரும்பாலும் செத்ததைத் தின்று வாழும் பெரிய பறவைகளைப் பற்றி. பிணந்தின்னிக் கழுகு என்று பாடநூல்களில் படித்திருப்போம். பாறு என்பது அதற்கான பழைய பெயர். இந்தக் கட்டுரை முழுக்க அதையே பயன்படுத்துகிறேன்.

தமிழ்நாட்டில் நான்கு வகைப் பாறுகளைக் காணலாம்: வெண்முதுகுப் பாறு, கருங்கழுத்துப் பாறு, செம்முகப் பாறு, மஞ்சள்முகப் பாறு. திருக்கழுக்குன்றம் மலைக்கோயிலில் உச்சிவேளையில் பொங்கல் தின்ன வந்துபோன இரண்டு பறவைகளை நினைவிருக்கிறதா? அவை மஞ்சள்முகப் பாறுகள். 1990களின் கடைசியோடு அந்த வருகையும் நின்றுபோயிற்று.

நான்கில் வெண்முதுகுப் பாறுதான் இந்தக் கதையின் நாயகன். 1980களில் கழுகு, பருந்து, பாறு எல்லாம் அடங்கிய பெரிய கொன்றுண்ணிப் பறவைகளில் உலகிலேயே எண்ணிக்கையில் மிகுந்தது இதுவாகத்தான் இருக்கும் என்று பறவை ஆய்வாளர்கள் எழுதினார்கள். தில்லியின் மரங்களில் கூடு கட்டியது, குப்பைமேட்டில் உட்கார்ந்திருந்தது, காக்கை அளவுக்குச் சாதாரணமாக இருந்தது. சாதாரணமாக இருந்ததால் யாரும் அதை எண்ணவும் இல்லை.

அதன் வாழ்க்கை முறையில் மூன்று விஷயங்களை மட்டும் மனத்தில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் தேவைப்படும். ஒன்று, அது கூட்டமாகத் தின்னும். ஒரு பாறு தரையிறங்குவதைக் கண்டு தொலைவில் பறக்கும் இன்னொன்று வரும், அதைக் கண்டு மற்றொன்று வரும். ஒரே மாட்டின் மேல் ஐம்பது அறுபது பறவைகள் உட்காரும். பெரிய கூட்டம் என்றால் ஒரு மணி நேரத்துக்குள் எலும்புதான் மிஞ்சும். இரண்டு, அது தினமும் தின்னாது. வயிறு முட்டத் தின்றுவிட்டு, இரண்டு மூன்று நாள் கழித்துத்தான் மறுபடி இரை தேடும். மூன்று, அது மெதுவாகப் பெருகும். ஆண்டுக்கு ஒரே முட்டை. குஞ்சு வளர்ந்து தானும் முட்டையிட ஏறக்குறைய ஐந்து ஆண்டு ஆகும். இயற்கையில் இதனால் குறையொன்றும் இல்லை, ஏனென்றால் வளர்ந்த பாறு எளிதில் சாகாது. நீண்ட ஆயுள், குறைந்த பிள்ளை என்ற கணக்கில் ஓடும் குடும்பம் அது.

## எவ்வளவு வேகமாகக் குறைந்தன

ராஜஸ்தானின் பரத்பூரில் கேவலாதேவ் தேசியப் பூங்கா இருக்கிறது. அங்கே 1980களின் பிற்பகுதியில் சுமார் 350 வெண்முதுகுப் பாறுக் கூடுகள் இருந்தன. பம்பாய் இயற்கை வரலாற்றுக் கழகத்தின் ஆய்வாளர் விபு பிரகாஷ் 1996-97இல் அங்கே திரும்பிப்போய் எண்ணியபோது 150 அளவில்தான் தேறியது. மரக்கிளையில் கழுத்தைத் தொங்கப் போட்டுக்கொண்டு பறவைகள் உட்கார்ந்திருந்தன. சில நாளில் கிளையிலிருந்து விழுந்து செத்தன. அடுத்த சில ஆண்டுகளில் கூடுகளே இல்லாமல் போயின.

பிறகு நாடு முழுக்கச் சாலை வழியாகப் பயணம் செய்து எண்ணினார்கள். 1992இல் எண்ணிய அதே பாதைகளில் 2007இல் மறுபடி போனபோது வெண்முதுகுப் பாறு 99.9 விழுக்காடு குறைந்திருந்தது. ஆயிரம் இருந்த இடத்தில் ஒன்று. பதினைந்தே ஆண்டுகளில். கருங்கழுத்துப் பாறும் அதன் நெருங்கிய உறவான மெல்லலகுப் பாறும் சேர்ந்து சுமார் 97 விழுக்காடு குறைந்தன. வேட்டையாடாமல், காட்டைக் கொளுத்தாமல், யாரும் ஒரு கல்லைக்கூட எறியாமல் ஒரு பறவை இவ்வளவு வேகமாகக் குறைந்ததற்கு வேறு உதாரணம் தேடினால் கிடைப்பது அரிது.

## காரணம் அல்லாதவை

செல்போன் கோபுரத்தை முதலில் தள்ளிவிடலாம். இந்தியாவில் செல்போன் சேவை தொடங்கியதே 1995இல், அதுவும் பெருநகரங்களில். பாறுகளோ அதற்கு முன்பே கிராமப்புறங்களிலும் சரணாலயத்துக்குள்ளும் குறையத் தொடங்கிவிட்டன. சிட்டுக்குருவிக்குச் சொன்ன காரணத்தை எல்லாப் பறவைக்கும் ஒட்டிவிடும் வழக்கம் நமக்கு இருக்கிறது.

இரை இல்லை என்பதும் சரியல்ல. இந்தியாவில் மாடும் எருமையும் சேர்த்துப் பார்த்தால் பெரிதாகக் குறையவில்லை. ஏராளமானவை அறுப்புக்குப் போகாமல் தானாகச் சாகின்றன. பாறு குறைந்ததால் பல இடங்களில் சடலங்கள் தின்ன ஆளில்லாமல் அழுகின. இரை பற்றாக்குறை என்றால் இது நடந்திருக்காது.

மரம் வெட்டியது கூடு கட்டும் இடத்தைக் குறைத்தது உண்மை. ஆனால் பாறையிடுக்கில் கூடு கட்டும் கருங்கழுத்துப் பாறும் கூட்டம் கூட்டமாகச் செத்தது. பாறையை யாரும் வெட்டிக்கொண்டு போகவில்லை.

புதிய வைரஸ் நோய் என்பதுதான் அறிவியலாளர்களே சில ஆண்டுகள் நம்பிய காரணம். நியாயமான சந்தேகம்தான். இந்தியா, நேபாளம், பாகிஸ்தான் மூன்றிலும் ஒரே அறிகுறியோடு பறவைகள் சாகும்போது தொற்றுநோயைத்தானே முதலில் நினைப்பார்கள்? ஆனால் எவ்வளவு தேடியும் கிருமி அகப்படவில்லை.

## மருந்துக் கடையில் கிடைத்த விடை

பாகிஸ்தானின் பஞ்சாப் மாகாணத்தில் லிண்ட்சே ஓக்ஸ் என்ற அமெரிக்கக் கால்நடை நோயியல் அறிஞரின் குழு செத்த பாறுகளை அறுத்துப் பார்த்தது. பெரும்பாலானவற்றின் உள்ளுறுப்புகள் மேல் வெள்ளை வெள்ளையாகப் படிவு. சிறுநீரகம் கெட்டிருந்தது. சிறுநீரகத்தைக் கெடுக்கக்கூடிய கிருமிகள், பூச்சிமருந்துகள், ஈயம் போன்ற உலோகங்கள் என்று ஒவ்வொன்றாகச் சோதித்தார்கள். எதுவும் பொருந்தவில்லை.

பிறகுதான் கேள்வியை மாற்றினார்கள். பாறு தின்பது பெரும்பாலும் செத்த மாடு. அப்படியானால் மாட்டுக்குள் என்ன போகிறது? கால்நடை மருத்துவர்களிடமும் மருந்து விற்பவர்களிடமும் விசாரித்தார்கள். சிறுநீரகத்தைக் கெடுக்கக்கூடியதும் அண்மையில் பரவலாகப் புழங்கத் தொடங்கியதுமான மருந்து எது? டைக்ளோஃபினாக். முழங்கால் வலிக்கும் முதுகு வலிக்கும் நாம் போட்டுக்கொள்கிற அதே வலி மருந்துதான். 1990களில் விலை மலிந்து, மாட்டின் மடிவீக்கம், கால்நொண்டல், காய்ச்சல் எல்லாவற்றுக்கும் கைக்கெட்டிய ஊசியாகிவிட்டிருந்தது.

சோதனை முடிவு பளிச்சென்று இருந்தது. உள்ளுறுப்பில் வெள்ளைப் படிவோடு செத்த 25 பாறுகளை எடுத்தார்கள்; 25இலும் டைக்ளோஃபினாக் இருந்தது. அந்தப் படிவு இல்லாமல் வேறு காரணத்தால் செத்த 13 பாறுகளை எடுத்தார்கள், ஒன்றில்கூட இல்லை. 2004இல் இந்த ஆய்வு வெளியானது.

இதுவரை பார்த்ததைச் சுருக்கினால்: பாறுகள் குறைந்தது 1990களில், காரணம் கோபுரமும் அல்ல, பசியும் அல்ல, தொற்றுநோயும் அல்ல. மாட்டுக்குப் போட்ட வலி மருந்து, மாடு செத்த பிறகு இறைச்சி வழியாகப் பாறுக்குள் போயிற்று.

## பாறின் உடலுக்குள் நடப்பது

உடலில் புரதம் செரிக்கும்போது நைட்ரஜன் கழிவு உண்டாகும். அதை வெளியேற்றியாக வேண்டும். நாமும் மாடும் அதை யூரியாவாக மாற்றிச் சிறுநீரில் விடுகிறோம். பறவைகள் யூரிக் அமிலமாக மாற்றி வெளியேற்றுகின்றன. பறவை எச்சத்தில் தெரியும் வெள்ளைப் பசை அதுதான். யூரிக் அமிலம் தண்ணீரில் எளிதாகக் கரையாது. அதனால் அதை இரத்தத்திலிருந்து எடுத்து வெளியே தள்ளும் வேலையைச் சிறுநீரகம் ஓயாமல் செய்துகொண்டிருக்க வேண்டும்.

டைக்ளோஃபினாக் பாறின் சிறுநீரகச் செல்களைக் கொல்கிறது. வேலை நின்றுபோகிறது. யூரிக் அமிலம் இரத்தத்தில் ஏறுகிறது, ஒரு கட்டத்துக்கு மேல் கரைந்திருக்க முடியாமல் படிகமாகிறது. இதயம், கல்லீரல், சிறுநீரகம் மேலெல்லாம் வெள்ளையாகப் படிகிறது. இதற்கு உள்ளுறுப்பு கௌட் என்று பெயர். மனிதருக்குக் கால் பெருவிரலில் வரும் கௌட்டும் யூரிக் அமிலப் படிகத்தால் வருவதுதான். பாறுக்கு அது உள்ளுறுப்புகள் முழுக்க, ஓரிரு நாளில் வருகிறது. கழுத்துத் தொங்குகிறது, பறவை சாகிறது.

எவ்வளவு மருந்து வேண்டும்? ஒரு கிலோ உடல் எடைக்கு 0.1 முதல் 0.2 மில்லிகிராம் இருந்தாலே, தின்ற வெண்முதுகுப் பாறுகளில் பாதி செத்துவிடும். அந்தப் பறவையின் எடை ஐந்து கிலோ அளவு. ஆக ஒரு மில்லிகிராமே ஆபத்தான அளவுதான். நாம் விழுங்கும் ஒரு மாத்திரையில் இருப்பது 50 மில்லிகிராம்.

இங்கே ஒரு குழப்பம் வரும். அதே மாட்டைத் தின்ற நாய் ஏன் சாகவில்லை? ஒரே மருந்தை ஒவ்வோர் இனத்தின் உடலும் ஒவ்வொரு வேகத்தில் சிதைத்து வெளியேற்றும், தாங்கும் அளவும் இனத்துக்கு இனம் வேறு. பாறுகளுக்குள்ளேயே வேறுபாடு உண்டு: அமெரிக்கக் கண்டத்தில் வாழும் வான்கோழிப் பாறு பல மடங்கு கூடுதல் அளவைக் கொடுத்தபோதும் சாகவில்லை. "மனிதனுக்குப் பாதுகாப்பானது, மாட்டுக்குப் பாதுகாப்பானது" என்ற சான்றிதழ் மூன்றாவதாகச் சாப்பிட வருகிறவருக்குச் செல்லாது.

## பந்திக் கணக்கு

இனி எல்லோரும் தடுமாறும் இடத்துக்கு வருவோம். "நாட்டில் சாகிற மாட்டுக்கெல்லாமா இந்த ஊசி போட்டார்கள்? ஏதோ ஒன்றிரண்டுக்குப் போட்டிருப்பார்கள். அதற்காக ஆயிரத்தில் ஒன்றாகக் குறையுமா?" நியாயமான கேள்வி.

ஒரு பெரிய ஊரில் தினமும் எங்காவது கல்யாணம் நடக்கிறது என்று வையுங்கள். உங்களுக்கு வீட்டில் சமையல் கிடையாது. மூன்று நாளைக்கு ஒருமுறை ஏதாவது ஒரு பந்தியில் உட்கார்ந்து சாப்பிட்டுத்தான் வாழ்கிறீர்கள். இருநூறு பந்தியில் ஒன்றில் மட்டும் பாயசத்தில் உயிரைப் போக்கும் நஞ்சு. எந்தப் பந்தி என்று யாருக்கும் தெரியாது. இருநூறில் ஒன்றுதானே என்று தைரியமாக உட்காருவீர்கள். அந்த ஒரு சாப்பாட்டில் தப்பிக்கும் வாய்ப்பு 99.5 விழுக்காடு. நல்ல வாய்ப்புதான்.

ஆனால் நீங்கள் ஒருமுறை தப்பினால் போதாது. ஆண்டுக்கு 120 பந்தி. 120 முறையும் தப்ப வேண்டும். 0.995ஐ 120 முறை அதனாலேயே பெருக்கிப் பாருங்கள், கைப்பேசியிலேயே போடலாம். 0.55 வரும். அதாவது நூறு பேரில் 45 பேர் முதல் ஆண்டிலேயே காலி. இரண்டாம் ஆண்டு முடிவில் மிஞ்சுவது 30 பேர். மூன்றாம் ஆண்டு முடிவில் 16 பேர். பத்தாம் ஆண்டு முடிவில் ஆயிரம் பேரில் இரண்டு மூன்று பேர்.

அந்தப் பந்தியில் உங்களோடு ஐம்பது பேர் உட்கார்ந்திருப்பதையும் மறக்க வேண்டாம். ஒரு பாயசம் கெட்டால் ஒரு வரிசையே சாயும். பாறுகள் கூட்டமாகத் தின்பதால் நடப்பது இதுதான். ஒரே சடலத்தைச் சுற்றிப் பல பாறுகள் செத்துக் கிடந்ததைப் பார்த்தவர்கள் அதைத் தொற்றுநோய் என்று நினைத்ததில் வியப்பில்லை.

இப்போது இழந்ததை ஈடுகட்ட முடியுமா என்று பார்ப்போம். நூறு பாறுகள், ஐம்பது ஜோடி. எல்லா ஜோடியும் முட்டையிட்டு எல்லாக் குஞ்சும் பறக்கத் தொடங்கியதாகவே வைத்துக்கொள்வோம், அப்படி ஒருபோதும் நடக்காது. ஐம்பது குஞ்சு. அவையும் அதே பந்தியில்தான் உட்கார வேண்டும். ஐந்து ஆண்டு தப்பிப் பிழைத்து முட்டையிடும் வயதை எட்டுபவை இரண்டோ மூன்றோதான்.

இது நான் எளிமைக்காகப் போட்ட கணக்கு. ஆய்வாளர்கள் பறவைகள் குறைந்த வேகத்தையும் தின்னும் இடைவெளியையும் வைத்து முறையாகக் கணக்கிட்டபோதும், நூறில் ஒன்றுக்கும் குறைவான சடலங்களில் கொல்லும் அளவு மருந்து இருந்தாலே அந்த வீழ்ச்சி முழுவதையும் விளக்கிவிடலாம் என்றுதான் விடை வந்தது. 2006இல் இந்த மருந்துக்குத் தடை வருவதற்கு முன்பு இந்தியாவில் கால்நடைச் சடலங்களைச் சோதித்தபோது பத்தில் ஒன்றில் மருந்து தென்பட்டது. எல்லாவற்றிலும் கொல்லும் அளவு இருந்திருக்காது. ஆனால் தேவைப்பட்டதோ நூறில் ஒன்றுகூட இல்லை.

சுருக்கமாக: மருந்து அரிதாக இருந்தாலும், ஒரே உயிர் அதைத் திரும்பத் திரும்பச் சந்திக்க நேர்ந்தால் அரிது என்பது உறுதி என்று ஆகிவிடும். மெதுவாகப் பெருகும் உயிரினம் அந்த இழப்பைத் தாங்காது.

## டிடிடி கதை வேறு, இது வேறு

"உணவுச் சங்கிலியில் நஞ்சு சேர்ந்து சேர்ந்து பாறுகளைக் கொன்றது" என்று பல இடங்களில் எழுதுகிறார்கள். கேட்க அறிவியல் போல இருக்கும், தவறு.

டிடிடி என்ற பூச்சிமருந்து உடல் கொழுப்பில் தங்கிவிடும். பூச்சியில் கொஞ்சம், பூச்சியைத் தின்ற மீனில் அதைவிட அதிகம், மீனைத் தின்ற பறவையில் இன்னும் அதிகம். இப்படி மேலே போகப்போகச் செறிவு ஏறுவதை உயிர்வழிப் பெருக்கம் என்பார்கள். டைக்ளோஃபினாக் அப்படி இல்லை. ஊசி போட்ட மாட்டின் உடலைவிட்டுச் சில நாளில் அது வெளியேறிவிடும். பாறும் கொல்லாத அளவைத் தின்றுவிட்டால், மருந்து வெளியேறிப் பறவை பிழைத்துக்கொள்ளும். நேற்றுத் தின்றதும் இன்று தின்றதும் ஆண்டுக்கணக்கில் சேர்ந்துகொண்டே போகாது. ஒரு சாப்பாடு கொல்லும், அல்லது கொல்லாது.

இந்த வேறுபாட்டைத் தெரிந்துகொள்வதில் நடைமுறைப் பயன் இருக்கிறது. ஊசி போட்டுப் பிழைத்து, பல மாதம் கழித்துச் செத்த மாட்டால் ஆபத்தில்லை. ஊசி போட்ட ஓரிரு நாளில் செத்த மாடுதான் நஞ்சு. ஆனால் நாம் மாட்டுக்கு எப்போது ஊசி போடுகிறோம்? அது படுத்துவிட்டபோது. சாகப்போகும் மாட்டுக்குத்தான் கடைசியாக ஒரு வலி மருந்து போகும். அதனால்தான் சடலங்களில் அது இவ்வளவு தென்பட்டது.

இன்னொரு பயனும் உண்டு. டிடிடியை இன்று நிறுத்தினாலும் மண்ணிலும் உடலிலும் பல ஆண்டு இருக்கும். டைக்ளோஃபினாக்கை இன்று உண்மையாகவே நிறுத்தினால் அடுத்த மாதமே பாறின் சாப்பாடு சுத்தம். இவ்வளவு சுலபமாகத் திருத்தக்கூடிய சூழல் கேடுகள் அதிகம் இல்லை.

## பாறு இல்லாவிட்டால் நமக்கென்ன

அழகுக்காக ஒரு பறவையைக் காப்பாற்றச் சொல்கிறார்கள் என்று நினைப்பவர்களுக்காக இந்தப் பகுதி. பாறின் இரைப்பை அமிலம் மிகக் கடுமையானது. அழுகிய இறைச்சியில் உள்ள பெரும்பாலான கிருமிகள் அதில் மடியும். கூலி கேட்காமல் நாடு முழுக்க நடந்துவந்த சுகாதாரப் பணி அது. அது நின்றதும் சடலங்களைத் தெருநாய்கள் எடுத்துக்கொண்டன. தின்ன நிறைய கிடைத்தால் நாய் பெருகும், நாய் பெருகினால் கடியும் வெறிநோயும் பெருகும். சடலங்கள் ஆற்றோரத்தில் கிடந்து அழுகினால் குடிநீரும் கெடும்.

பாறுகள் முன்பு மிகுதியாக இருந்த மாவட்டங்களையும் அவ்வளவாக இல்லாத மாவட்டங்களையும் ஒப்பிட்டு இரு பொருளியல் அறிஞர்கள், இயால் ஃபிராங்கும் அனந்த் சுதர்சனும், 2024இல் ஓர் ஆய்வை வெளியிட்டார்கள். பாறுகள் மறைந்ததன் விளைவாக 2000க்கும் 2005க்கும் இடையே சுமார் ஐந்து லட்சம் மனித உயிர்கள் கூடுதலாகப் போயின என்பது அவர்களின் மதிப்பீடு.

மும்பையில் பார்சி மக்கள் இறந்தவர் உடலைப் பாறுகளுக்கு விடும் வழக்கம் உள்ளவர்கள். பறவைகள் வராமல் போனதும், சூரிய ஒளியைக் குவித்து உடலைச் சிதைக்கும் கருவிகளை, உடல்களை வைக்கும் அமைதிக் கோபுரங்களில் பொருத்த வேண்டி வந்தது. பல நூற்றாண்டு பழைய சடங்கு ஒன்று மாட்டு ஊசியால் தடுமாறியது.

## தடையும் அதன் ஓட்டைகளும்

2006இல் இந்தியா, நேபாளம், பாகிஸ்தான் மூன்றும் கால்நடைகளுக்கான டைக்ளோஃபினாக்குக்குத் தடை கொண்டுவந்தன. ஆய்வு வெளியாகி இரண்டே ஆண்டில் தடை என்பது நம் அரசுகளின் வேகத்துக்குப் பெரிய சாதனை. அதைப் பாராட்டியாக வேண்டும்.

பிரச்சினை அதற்குப் பிறகு. மாட்டுக்கான மருந்துக்குத்தான் தடை, மனிதருக்கான மருந்துக்கு இல்லை. மனிதருக்கென்று 30 மில்லிலிட்டர் குப்பியில் விற்றார்கள். ஒரு மனிதருக்கு ஒரு தடவைக்கு 3 மில்லிலிட்டர் போதும் என்றால் அந்தப் பெரிய குப்பி யாருக்கு? மாட்டுக்குத்தான். இந்த ஓட்டையை அடைக்க 2015 வரை ஆயிற்று. அந்த ஆண்டுதான் மனிதருக்கான ஊசி மருந்தை ஒரு வேளை அளவான 3 மில்லிலிட்டருக்கு மேல் அடைக்கக் கூடாது என்று ஒன்றிய அரசு ஆணையிட்டது.

அடுத்த ஓட்டை, மாற்று மருந்துகள். டைக்ளோஃபினாக்கின் இடத்துக்கு அசிக்ளோஃபினாக் வந்தது. அது மாட்டின் உடலுக்குள் போனதும் டைக்ளோஃபினாக்காகவே மாறிவிடுகிறது. பெயர் மட்டும் வேறு. கீட்டோபுரோஃபென் வந்தது, அதுவும் பாறுகளைக் கொல்லும் என்று 2010 வாக்கிலேயே சோதனையில் தெரிந்துவிட்டது. வங்கதேசம் 2021இல் கீட்டோபுரோஃபெனைத் தடை செய்தது. இந்தியா இந்த இரண்டையும் கால்நடைகளுக்குத் தடை செய்தது 2023இல். அடுத்து நிமசுலைடு என்ற வலி மருந்துக்கு 2024இன் கடைசியில் தடை வந்தது.

இந்த வரிசையைப் பார்த்தால் கோளாறு எங்கே என்று புரியும். ஒரு மருந்து சந்தைக்கு வருகிறது, பாறுகள் சாகின்றன, ஆய்வு நடக்கிறது, பல ஆண்டு கழித்துத் தடை வருகிறது, அதற்குள் அடுத்த மருந்து வந்துவிடுகிறது. கால்நடைக்கு என்று ஒரு வலி மருந்தை அனுமதிக்கும் முன்பே அது பாறுக்குப் பாதுகாப்பானதா என்று சோதிப்பதுதான் நேரான வழி. பாதுகாப்பான மருந்து இல்லாமலும் இல்லை. மெலாக்சிகாம் பாறுகளுக்குத் தீங்கு செய்யாது என்று 2006இலேயே நிறுவிவிட்டார்கள். டால்ஃபெனமிக் அமிலமும் பிற்பாடு சோதனையில் தேறியது.

## மோயாற்றில் ஏன் மிஞ்சின

தமிழ்நாட்டில் பாறுகள் இன்றும் கூடு கட்டும் இடம் நீலகிரியின் அடிவாரத்தில் மோயாறு ஓடும் பள்ளத்தாக்கும் சீகூர் பகுதியும். முதுமலை, சத்தியமங்கலம், அப்பால் கர்நாடகத்தின் பந்திப்பூர், கேரளத்தின் வயநாடு என்று ஒரே காட்டுத்தொடர். ஆற்றங்கரையின் உயர்ந்த நீர்மருது மரங்களில் வெண்முதுகுப் பாறும், செங்குத்தான பாறைகளில் கருங்கழுத்துப் பாறும் கூடு வைக்கின்றன.

காடு இருப்பதால் பிழைத்தன என்று சொன்னால் பாதிதான் சரி. பரத்பூரும் பாதுகாக்கப்பட்ட பூங்காதான், அங்கே பிழைக்கவில்லையே. வேறுபாடு சாப்பாட்டில் இருக்கிறது. மோயாற்றில் புலியும் செந்நாயும் மானையும் காட்டுமாட்டையும் அடித்துத் தின்றுவிட்டு மிச்சம் வைக்கின்றன. அந்தக் காட்டுமாட்டுக்கு யாரும் ஊசி போடவில்லை. பந்திகளில் பல, மருந்து புகாத பந்திகள்.

ஆனாலும் பாறு காட்டு எல்லைக்குள் நிற்காது. இரை தேடி ஒரே நாளில் நூறு கிலோமீட்டருக்கு மேல் பறக்கக்கூடிய பறவை அது. எந்தச் சரணாலய வேலியும் அதன் சாப்பாட்டைக் காவல் காக்காது. அதனால்தான் பாறு பாதுகாப்பு வளையம் என்ற முறை வந்தது: கூடுகள் இருக்கும் இடத்தை நடுவாக வைத்து, அதைச் சுற்றி எல்லாத் திசையிலும் நூறு கிலோமீட்டர் தூரத்துக்குள் உள்ள மருந்துக் கடைகள், கால்நடை மருந்தகங்கள், மாடு வளர்ப்போர் எல்லோரையும் பார்த்துப் பேசி, ஆபத்தான மருந்துகளை விலக்கி வைப்பது. வனக்காவலர் செய்வதைவிட மருந்துக்கடைக்காரர் செய்வது இங்கே பெரிய பாதுகாப்பு. நேபாளம் இதைச் சரியாகச் செய்தது. நவல்பராசியில் வயதான மாடுகளை ஊர்மக்களே வாங்கிப் பராமரித்து, அவை இயற்கையாகச் செத்த பிறகு பாறுகளுக்கு வைக்கிறார்கள். ஜடாயு உணவகம் என்று அதற்குப் பெயர். நேபாளத்தில் பாறுகளின் எண்ணிக்கை சரிவு நின்று மெல்ல ஏறத் தொடங்கியிருக்கிறது.

ஹரியானாவின் பிஞ்சோரில் பாறுகளைக் கூண்டில் வைத்து இனம்பெருக்குகிறார்கள். நல்ல வேலை, வேண்டிய வேலை. ஆனால் வெளியே இருக்கும் இறைச்சி சுத்தமாகாமல் பறவையைத் திறந்துவிட்டால் மேலே போட்ட அதே கணக்குதான் மறுபடி ஓடும்.

மோயாற்றுப் பக்கம் இன்னொரு தொல்லையும் உண்டு. மாட்டைப் புலி அடித்துவிட்டால் கோபத்தில் சிலர் அந்த மிச்சத்தில் பூச்சிமருந்தைத் தடவி வைக்கிறார்கள். புலி வருவதற்கு முன் பாறுக்கூட்டம் வந்துவிடுகிறது. மாட்டுக்கான இழப்பீடு தாமதமின்றிக் கைக்கு வந்தால் இந்தக் கோபத்துக்கு அவ்வளவு வேலை இருக்காது.

மாடு வைத்திருப்பவர் செய்யக்கூடியது சிறிய காரியம். மருத்துவர் வலிக்கு ஊசி எழுதும்போது மெலாக்சிகாம் கொடுக்க முடியுமா என்று கேட்கலாம். மருந்தின் மேல் கால்நடைக்கானது என்று எழுதியிருக்கிறதா என்று பார்த்து வாங்கலாம். மனிதருக்கான ஊசியை மாட்டுக்குப் போடும் பழக்கத்தை விட்டுவிடலாம். வேறு ஏதாவது வலி மருந்து போட்ட சில நாளுக்குள் மாடு செத்துவிட்டால் அதை வெளியில் போடாமல் ஆழமாகக் குழி தோண்டிப் புதைத்துவிட வேண்டும். மருந்தே போடாமல் செத்த மாடு என்றால், மோயாற்றைச் சுற்றியுள்ள ஊர்களில், அதை எங்கே விடலாம் என்று வனத்துறையிடம் கேட்டுக்கொள்ளலாம்.